பிரெஞ்சு நாட்டுப் பாலாடைக்கட்டிப் பலகாரம்

(பண்ணை மகளிர் பயிற்சி முகாமின் நிறைவு நாளில் ஆற்றிய உரை)



உழவியல் துறையில் வேலை பார்க்கும் ஒருத்தி மேடையேறிப் பலகாரத்துக்குச் செய்முறை சொல்ல வந்திருக்கிறாளே என்று உங்களில் சிலர் எண்ணக்கூடும். காரணம் உண்டு. சென்ற முகாமில் பசுந்தீவனத்தைச் சைலேஜ் என்னும் ஊறுகாய்ப்புல்லாகப் பதப்படுத்தும் முறையை விளக்கிவிட்டுக் கீழே இறங்கினேன். வயதில் மூத்த தாயார் ஒருவர் என்னைத் தனியே அழைத்தார். "ஏனம்மிணி, எம் பேரன் கப்பல்ல சமையல் வேலை பாக்கறானுங்க. பிரான்சுக்காரங்க சீஸ் போட்டு என்னமோ உருண்டை சுடறாங்களாம். அந்தச் சீஸ் ஒரு கிலோ வாங்கற காசுக்கு நாம சொசைட்டிக்குப் பத்து நாள் பால் ஊத்தோணுங்கறான். அதுவும் புல்லுத் திங்கற மாட்டுப் பால்தானுங்களே?" என்று கேட்டார்.

அன்று என்னால் சரியான விடை சொல்ல முடியவில்லை. பிறகு படித்துப் பார்த்தேன். அந்த உருண்டையையும் வீட்டில் நான்கு முறை செய்து பார்த்தேன். முதல் இரண்டு முறையும் பாழ். ஆகவே இன்று நான் சொல்லப்போவது அந்தத் தாயாருக்குக் கடன்பட்ட விடை. முதலில் பலகாரத்தைச் சொல்லிவிடுகிறேன். அதற்குள் இருக்கும் பாலைப் பற்றிப் பின்னால் பேசுவோம்.

அதன் பெயர் கூஜேர். பிரான்சின் கிழக்கே, திராட்சைத் தோட்டங்களுக்குப் பேர்போன பர்கண்டிப் பகுதிக்கு உரியது. எலுமிச்சம்பழ அளவு இருக்கும். வெளியே பொன்னிறமாக மொறுமொறுப்பாகவும், உள்ளே ஏறக்குறைய வெறுங்கூடாகவும் இருக்கும். இனிப்பு கிடையாது, உப்பும், மிளகும், பாலாடைக்கட்டியின் மணமும்தான். அங்கே மது நிலவறைகளுக்கு மதுவைச் சுவைத்துப் பார்க்க வருவோருக்கு இதைத் தட்டில் வைத்துக் கொடுப்பது வழக்கம். இதற்கான மாவை ஷூ மாவு என்பார்கள். காலணியோடு குழப்பிக்கொள்ள வேண்டாம். பிரெஞ்சு மொழியில் ஷூ என்றால் முட்டைக்கோசு. வெந்து, புடைத்து, மேற்பரப்பு வெடித்து நிற்கும்போது பார்த்தால் சின்னஞ்சிறு முட்டைக்கோசு போலத்தான் இருக்கிறது.

இம்மாவில் ஈஸ்ட் இல்லை, சோடா உப்பும் இல்லை. பிறகு எப்படிப் புடைக்கிறது? நம் பூரி எப்படி உப்புகிறதோ அப்படித்தான். மாவுக்குள் இருக்கும் நீர் ஆவியாகித் தள்ளுகிறது. பூரி எண்ணெயில் சில நொடிகளில் உப்புகிறது. இது ஓவனில் நிதானமாகப் புடைத்து, புடைத்த நிலையிலேயே காய்ந்து நிற்க வேண்டும். செய்முறையின் சூட்சுமம் எல்லாம் இந்த ஒன்றில்தான் அடங்கியிருக்கிறது.

ஒரு தட்டுக்கு, அதாவது பதினைந்து உருண்டைகளுக்கு, அளவு சொல்கிறேன். தண்ணீர் 125 மில்லி, வெண்ணெய் 50 கிராம், மைதா 75 கிராம், நடுத்தர அளவு முட்டை 2, துருவிய பாலாடைக்கட்டி 60 கிராம், மிளகுத்தூள் கால் தேக்கரண்டி, விருப்பமிருந்தால் சாதிக்காய்த் துருவல் ஒரு சிட்டிகை. உப்பைக் கட்டியின் உப்பைச் சுவைத்துப் பார்த்துப் போடுங்கள். பெரும்பாலும் ஒரு சிட்டிகையே போதும். மைதாவைக் கண்ணளவாகப் போடாமல் எடைபோட்டுக் கொள்வது நல்லது. கோதுமை மாவிலும் செய்யலாம். ஆனால் தவிடு இருப்பதால் அவ்வளவு புடைக்காது.

தண்ணீர், வெண்ணெய், உப்பு மூன்றையும் அடி கனத்த பாத்திரத்தில் வைத்துக் கொதிக்க விடுங்கள். வெண்ணெய் முழுவதும் உருகிய பின்னரே கொதி வர வேண்டும். ஆகவே வெண்ணெயைச் சிறு துண்டுகளாக நறுக்கிப் போடுங்கள். இல்லாவிட்டால் வெண்ணெய் உருகுவதற்குள் தண்ணீர் வற்றி அளவு கெட்டுவிடும். கொதித்தவுடன் மாவு முழுவதையும் ஒரே மூச்சில் கொட்டி, மரக்கரண்டியால் விடாமல் கிளறுங்கள். கொழுக்கட்டைக்கு மேல்மாவு கிளறிய கைக்கு இதில் புதிதாகக் கற்க ஒன்றுமில்லை. மாவு திரண்டு, பாத்திரத்தின் ஓரத்தை விட்டு உருண்டு வரும். அப்படியும் இறக்கிவிடாதீர்கள். சிறு தீயில் மேலும் இரண்டு நிமிடம் புரட்டுங்கள். பாத்திரத்தின் அடியில் மெல்லிய ஏடு போல ஒரு படலம் ஒட்டும். அதுதான் பதம். மாவிலுள்ள மாப்பொருள் இப்போது வெந்து பசையாகித் தன் எடையை விட மிகுதியான நீரைப் பிடித்து வைத்துக்கொண்டது. பின்னால் ஆவியாக வேண்டிய நீர் இதுவே.

இனி மாவு ஆற வேண்டும். இங்கேதான் நான் முதல் முறை தவறினேன். அவசரப்பட்டுக் கொதிக்கும் மாவில் முட்டையை உடைத்து ஊற்றினேன். முட்டை ஆங்காங்கே வெந்து திரிதிரியாகிவிட்டது. முட்டை 60 பாகைக்குச் சற்று மேலே போனாலே உறையத் தொடங்கும். ஆகவே விரலை வைத்தால் பொறுக்கும் சூட்டுக்கு மாவு வந்த பிறகே முட்டை சேர்க்க வேண்டும். அதுவும் ஒவ்வொன்றாக. முதல் முட்டையை விட்டுக் கலக்கும்போது மாவு துண்டு துண்டாகப் பிரிந்து வழுக்கும். கெட்டுவிட்டதே என்று பதற வேண்டாம். விடாமல் கலக்கினால் மறுபடி ஒன்று சேரும். இரண்டாம் முட்டையைத் தனியே அடித்து வைத்துக்கொண்டு சிறிது சிறிதாகச் சேருங்கள். கரண்டியைத் தூக்கினால் மாவு தயங்கித் தயங்கி, முக்கோணமாகத் தொங்கி விழ வேண்டும். அந்தப் பதம் வந்துவிட்டால் மீதி முட்டையை நிறுத்திவிடலாம். நம் ஊர் முட்டைகள் ஒரே அளவாக இருப்பதில்லை. முட்டையின் எண்ணிக்கையை நம்புவதைவிடக் கரண்டியை நம்புங்கள்.

பாலாடைக்கட்டித் துருவலில் ஒரு பிடியை மேலே தூவ ஒதுக்கிவிட்டு, மற்றதை மாவில் கலந்துவிடுங்கள். கட்டி கூடினால் சுவை கூடும் என்று அளவை ஏற்ற வேண்டாம். உருகிய கொழுப்பின் பாரம் தாங்காமல் உருண்டை தட்டையாகிவிடும்.

ஓவனை முன்கூட்டியே 200 பாகை செல்சியசுக்குச் சூடேற்றி வையுங்கள். தட்டில் வெண்ணெய்த் தாள் விரித்து, சிறு கரண்டியால் மாவை இரண்டு விரல் இடைவெளி விட்டு வைத்து, ஒதுக்கிய துருவலைத் தூவி உள்ளே தள்ளுங்கள். 25 முதல் 30 நிமிடம். முதல் 20 நிமிடத்துக்குக் கதவைத் திறக்கவே கூடாது. இரண்டாம் முறை நான் செய்த பிழை இதுதான். பன்னிரண்டாம் நிமிடத்தில் அழகாகப் புடைத்திருந்தன. பெருமை தாங்காமல் கதவைத் திறந்து பார்த்தேன். கண்ணெதிரே அத்தனையும் பொசுக்கென்று அமுங்கி அடை போல ஆயின. ஆவி தள்ளித் தூக்கிய சுவரை, முட்டையும் மாப்பொருளும் இறுகித் தாங்குவதற்கு முன்பே குளிர்காற்று பட்டுவிட்டது. நன்கு சிவந்து, கையில் எடுத்தால் எடையே இல்லாததுபோல் இருக்கும்போது அடுப்பை அணைத்து, ஒவ்வோர் உருண்டையின் பக்கத்திலும் ஊசியால் ஒரு துளை போட்டு, கதவைச் சிறிது திறந்தபடி பத்து நிமிடம் உள்ளேயே விட்டுவிடுங்கள். உள்ளிருக்கும் ஈரம் வெளியேறிவிடும். மூன்றாம் முறையிலிருந்து எனக்கு ஒன்றும் அமுங்கவில்லை.

ஓவன் இல்லாத வீடுகளே மிகுதி என்பதை அறிவேன். இட்லிப் பாத்திரத்திலும் குக்கரிலும் இது வராது. மேல்தோல் காய்ந்தால்தான் நிற்கும், அங்கே ஆவி சூழ்ந்து நிற்கிறது. மிதமான சூட்டில் எண்ணெயில் சிறு சிறு உருண்டைகளாகப் போட்டுப் பொரித்தால் நன்றாகவே உப்புகிறது. பிரான்சிலும் ஷூ மாவைப் பொரித்து உண்பது உண்டு. ஆனால் அதற்குக் கூஜேர் என்று பெயரில்லை. முட்டை சேர்க்காதவர்களுக்கு இப்பலகாரம் உதவாது. மாற்று வழி சொல்லி உங்கள் வெண்ணெயை வீணாக்க எனக்கு மனமில்லை.

இனி அந்தத் தாயாரின் கேள்விக்கு வருவோம்.

கூஜேருக்கு அங்கே பெரும்பாலும் க்ரூயேர் அல்லது கோந்தே என்னும் கடினமான பாலாடைக்கட்டியைச் சேர்ப்பார்கள். கோந்தே, பர்கண்டிக்குக் கிழக்கே ஜூரா மலைப்பகுதியில் செய்யப்படுவது. 40 கிலோ எடையுள்ள வண்டிச்சக்கரம் போன்ற ஒரு கட்டிக்கு ஏறத்தாழ 400 லிட்டர் பால் வேண்டும். அதாவது கிலோவுக்குப் பத்து லிட்டர். நம் தட்டில் போட்ட 60 கிராம் கட்டி 600 மில்லி பாலின் சாரம். 50 கிராம் வெண்ணெய்க்கு ஒரு லிட்டர் பசும்பாலின் கொழுப்பு வேண்டும். பதினைந்து உருண்டைக்குள் ஒன்றரை லிட்டருக்கு மேற்பட்ட பால் ஒளிந்திருக்கிறது. பத்து லிட்டர் பால் ஒரு கிலோ கட்டியாவது விலையில் ஒரு பகுதியைத்தான் விளக்கும். மீதி எங்கிருந்து வந்தது?

ஜூராவில் குளிர்காலம் நீண்டது. அக்காலத்தில் பனி மூடினால் சந்தைக்கு வழி இல்லை. கோடையில் சுரக்கும் பாலைக் குளிர்காலத்துக்கும் தொலைவான சந்தைக்கும் தாங்கும்படி ஆக்க வேண்டுமானால் பெரிய கட்டியாகச் செய்ய வேண்டும். சிறிய கட்டி காய்ந்துவிடும். ஆனால் நான்கைந்து மாடு வைத்திருப்பவரிடம் 400 லிட்டர் ஏது? ஆகவே ஊரார் பாலைச் சேர்த்தார்கள். 13ஆம் நூற்றாண்டு ஆவணங்களிலேயே இதற்குச் சான்று உண்டு. இச்சங்கத்துக்கு அங்கே ஃப்ருய்த்தியேர் என்று பெயர். முன்னாளில் கணக்கு வைத்த முறையைப் படித்தபோது எனக்கு நம் ஊர்க் கைமாற்று நினைவுக்கு வந்தது. ஒவ்வொருவரும் ஊற்றிய பாலைக் குச்சியில் வெட்டுக்குறி போட்டு வைப்பார்கள். யாருக்கு மற்றவர்கள் தர வேண்டிய பால் மிகுதியாக நிற்கிறதோ, அன்றைய கட்டி அவருக்கு. அடுத்த நாள் அவர் மற்றவர்களுக்குப் பால் கடன்பட்டவராகிவிடுவார். இன்று குச்சி இல்லை, சீட்டு முறை இல்லை. எனினும் ஏறத்தாழ 150 ஃப்ருய்த்தியேர்கள் இயங்குகின்றன.

1958இல் பிரெஞ்சு அரசு கோந்தே என்னும் பெயருக்குச் சட்டப் பாதுகாப்பு அளித்தது. 1996இல் ஐரோப்பிய ஒன்றியமும் அளித்தது. பெயரைப் பயன்படுத்த வேண்டுமானால் விதிகளுக்கு உட்பட வேண்டும். சங்கத்துக்குப் பால் சேரும் பகுதி 25 கிலோமீட்டர் விட்டமுள்ள வட்டத்துக்குள் அடங்க வேண்டும். பாலைக் காய்ச்சாமல், கறந்த 24 மணி நேரத்துக்குள் செம்புக் கொப்பரையில் ஏற்ற வேண்டும். மோன்பெலியார்த், பிரெஞ்சு சிம்மெந்தால் ஆகிய இரண்டு மாட்டினங்களுக்கே இடம். ஒரு கறவை மாட்டுக்கு ஒரு எக்டேருக்குக் குறையாமல் புல்வெளி இருக்க வேண்டும். ஒரு எக்டேர் என்றால் இரண்டரை ஏக்கர். நம்மில் பலருக்கு மொத்த நிலமே அவ்வளவுதான்! பத்து சென்டில் கம்பு நேப்பியர் ஒட்டுப்புல் போட்டு மாடு வளர்ப்பவர் அந்த விதியை அப்படியே எடுத்துக்கொள்ள முடியாது. இதை முதலிலேயே ஒப்புக்கொள்ள வேண்டும்.

உழவியலில் எனக்கு வியப்பூட்டியது வேறொரு விதி. கோந்தேக்குப் பால் கொடுக்கும் மாட்டுக்குச் சைலேஜ் போடக்கூடாது. சென்ற மாதம் சைலேஜ் குழி போடுங்கள் என்று உங்களிடம் மன்றாடியவள் நான். அங்கே அதற்குத் தடை! இரண்டும் சரிதான். எப்படி என்று சொல்கிறேன். புல்லோடு மண் கலந்தால், அல்லது சைலேஜ் சரியாகப் புளிக்காவிட்டால், பியூட்ரிக் அமிலம் உண்டாக்கும் நுண்ணுயிரிகள் அதில் பெருகும். அவற்றின் வித்துகள் மாட்டின் வயிற்றைக் கடந்து சாணத்தில் வரும். சாணம் ஒட்டிய மடியிலிருந்து பாலுக்குள் வந்துவிடும். பாலைச் சூடேற்றிப் பதப்படுத்தினாலும் அவ்வித்துகள் சாவதில்லை. ஓரிரு நாளில் குடித்துவிடும் பாலில் அவற்றால் கேடு எதுவும் தெரியாது. மாதக்கணக்கில் முதிரும் கட்டியிலோ, அவை விழித்துக்கொண்டு வாயுவை உண்டாக்கும். 40 கிலோ கட்டி உப்பி வெடித்து நாறும். 400 லிட்டர் பாலும் பல மாத உழைப்பும் போயிற்று. யாருடைய பாலில் வந்தது என்று அப்போது கண்டுபிடிக்கவும் முடியாது. ஆகவேதான், ஒருவர் செய்யும் தவறு ஊர்ப்பாலைக் கெடுக்கும் இடத்தில், எல்லோருக்கும் ஒரே தடை. உலர்புல்லும் மேய்ச்சலுமே அங்கே தீவனம்.

உங்கள் பால் அன்றன்றே குடிக்கவும் தயிராக்கவும் போகிறது. சைலேஜ் குழியை மூட வேண்டாம். குழியில் மண் கலவாமல் மிதித்துக் காற்றை வெளியேற்றுங்கள். கறவைக்கு முன் மடியைக் கழுவித் துடையுங்கள். இதற்கு மேல் அந்த விதி உங்களுக்குச் சொல்வது ஒன்றுமில்லை.

செய்த கட்டி உடனே பணமாவதில்லை. குறைந்தது நான்கு மாதம், பெரும்பாலும் எட்டு மாதம், ஓராண்டு, அதற்கு மேலும் நிலவறையில் மரப்பலகைகளின் மேல் கிடக்கும். திருப்பித் திருப்பி வைத்து, உப்பு நீரால் துடைத்துக்கொண்டே இருக்க வேண்டும். சேன் அந்துவான், லே ரூஸ் ஆகிய இடங்களில் பழைய இராணுவக் கோட்டைகளே நிலவறைகளாகிவிட்டன. பீரங்கி இருந்த இடத்தில் பாலாடைக்கட்டி! இந்தக் காத்திருப்பின் பாரத்தை மாடு வளர்ப்பவர் தனியே சுமப்பதில்லை. கட்டியை வாங்கி முதிர்விப்பதற்கென்றே நிறுவனங்கள் உண்டு. முதிர்ந்ததும் சுவைத்துப் பார்த்து 20க்கு மதிப்பெண் போடுவார்கள். 14ம் அதற்கு மேலும் வந்தால் பச்சைப் பட்டை. 12 முதல் 14 வரை பழுப்புப் பட்டை. 12க்குக் கீழே வந்தால் கோந்தே என்னும் பெயரே கிடையாது. ஆண்டுக்கு எவ்வளவு கட்டி செய்யலாம் என்பதையும் கூடிப் பேசி வரம்பு கட்டிக்கொள்கிறார்கள். விலை நன்றாக இருக்கிறதே என்று ஆளாளுக்குக் கூட்டிச் செய்து சந்தையைக் கவிழ்ப்பதில்லை. மஞ்சளிலும் சின்ன வெங்காயத்திலும் நாம் என்ன செய்துகொள்கிறோம் என்பதை நான் சொல்ல வேண்டியதில்லை.

தாயாருக்கு விடை இதுதான்: பால் நம்முடையதைப் போன்ற பால்தான். அந்த விலை, விதிக்கு உட்பட்டும், விதியை மீறினவரை ஒதுக்கியும், காத்திருந்தும், அளவு கட்டியும் சம்பாதித்த விலை.

அங்கே எல்லாம் பாலும் தேனுமாக ஓடுகிறது என்று எண்ணிவிடாதீர்கள். ஜூரா சுண்ணாம்புப் பாறை நிலம். மேலே இட்ட சாணக் குழம்பின் சத்து வடிகட்டப்படாமல் பாறை வெடிப்பு வழியே ஆற்றில் இறங்கிவிடும். 2010ஆம் ஆண்டையொட்டி லூ என்னும் ஆற்றில் மீன்கள் பெருமளவில் செத்தன. காரணங்கள் பல என்றாலும், மாட்டுப் பண்ணைகளின் பங்கு பற்றி அங்கே இன்றும் காரசாரமாகப் பேசுகிறார்கள். நல்ல விலை கிடைக்கும்போது மாட்டைக் கூட்டும் ஆசை அவர்களுக்கும் உண்டு.

நம் வீட்டில் கோந்தே செய்ய முடியுமா? முடியாது. நம் வெயிலில் மாதக்கணக்கில் குளிர்ந்த அறையை நடத்த மின் கட்டணமே பாலின் விலையைத் தின்றுவிடும். கொடைக்கானல் மலையிலும், புதுச்சேரியை அடுத்த ஆரோவில்லிலும் பாலாடைக்கட்டி செய்கிறார்கள். முன்னதற்கு இயற்கைக் குளிர் துணை. கூஜேர் சுட அவ்வளவு தேட வேண்டியதில்லை. முதிர்ந்த செடார் கிடைத்தால் நல்லது. கடையில் கட்டியாக விற்கும் பதப்படுத்திய சீசும் உதவும். அதில் உப்பு மிகுதி, ஆகவே மாவில் உப்பே போடாதீர்கள். பன்னீர் வேண்டாம். சூட்டிலும் புளிப்பிலும் திரித்த பால் உருகாது. உருண்டைக்குள் மணல்மணலாக நிற்கும். அதை நானும் ஒரு முறை செய்து பார்த்துவிட்டேன், நான்காவது முறை.

மாவை உருண்டைகளாக வைத்து உறைபெட்டியில் வைத்தால் சில வாரம் இருக்கும். உறைந்தபடியே ஓவனில் வைத்து நான்கைந்து நிமிடம் கூடுதலாகச் சுடலாம். சுட்டவை அன்றே உண்ணத்தக்கவை. மறுநாள் நமுத்துவிட்டால் 180 பாகையில் ஐந்து நிமிடம் காட்டினால் மொறுமொறுப்பு திரும்பும்.

காலையில் சுட்டுக்கொண்டுவந்த முப்பது உருண்டைகள் வாயிலருகே தட்டில் இருக்கின்றன. பேருந்தில் வந்ததால் கொஞ்சம் நமுத்திருக்கும். ஆளுக்கு ஒன்று எடுத்துக்கொள்ளுங்கள். முன்வரிசையில் அந்தத் தாயாரும் வந்திருக்கிறார், அவருக்கு இரண்டு.